பற்றிக்கொண்டும் நிலைக்காத கேஸ் அடுப்பு: அணையும் நேரத்தை வைத்துப் பழுதைக் கண்டறிதல்

கேஸ் அடுப்பு பற்றவே மறுத்தால் காரணம் விரைவில் பிடிபட்டுவிடும்: சிலிண்டர் தீர்ந்திருக்கும், ரெகுலேட்டர் மூடியிருக்கும், அல்லது லைட்டர் பொறி விட்டிருக்காது. ஆளைக் குழப்புவது, ஒழுங்காகப் பற்றிக்கொண்டு சற்று நேரம் எரிந்துவிட்டு அணைகிற அடுப்புதான். பெரும்பாலான வீடுகளில் இதற்கு முதல் வைத்தியமாக பர்னரைக் கழற்றிப் புளி போட்டுத் தேய்க்கிறார்கள். அடுத்ததாக லைட்டரை மாற்றுகிறார்கள். மூன்றாவதாக அடுப்பையே மாற்றுவது பற்றிப் பேச்சு எழுகிறது. எதையும் கழற்றுவதற்கு முன் இரண்டு விஷயங்களைக் கவனித்தால் இந்த அலைச்சலில் பாதி குறையும். அணைவது ஒரு பர்னர் மட்டுமா, எல்லா பர்னர்களுமா? அணைவது எந்த நேரத்தில்: குமிழிலிருந்து கையை எடுத்த உடனேயா, சிம்மில் வைத்த பிறகா, பாத்திரம் பொங்கியபோதா, அல்லது பத்து நிமிடம் நன்றாக எரிந்த பின்னரா? இந்த இரண்டுக்கும் விடை தெரிந்தால் பழுது எந்தப் பகுதியில் இருக்கிறது என்பது ஏறக்குறைய தெரிந்துவிடும்.

கை வைப்பதற்கு முன்

நம் வீடுகளில் உள்ள சாதாரண இரண்டு, மூன்று பர்னர் மேசை அடுப்புகளில் பெரும்பாலானவற்றுக்குத் தீ அணைந்தது தெரியாது. சுடர் போன பிறகும் கேஸ் வந்துகொண்டேதான் இருக்கும். ஆகவே அணைந்த அடுப்பை அடுத்த நொடியே மீண்டும் பற்றவைக்கக் கூடாது. குமிழை மூடிவிட்டு, ஜன்னலைத் திறந்து, சில நிமிடங்கள் பொறுத்திருக்க வேண்டும். சிலிண்டர் கேஸ் காற்றைவிடக் கனமானது என்பதால் மேலே போகாமல் தரையிலும், சிலிண்டர் வைத்திருக்கும் அலமாரிக்குள்ளும் தேங்கி நிற்கும். காற்றில் அது ஏறத்தாழ 2 விழுக்காடு கலந்தாலே தீப்பற்றக்கூடிய நிலை வந்துவிடும். நின்றபடி முகர்ந்து பார்த்து வாடை இல்லை என்று முடிவு செய்வதைவிட, சற்றுக் குனிந்து முகர்ந்து பார்ப்பது பயன் தரும்.

வாடை பலமாக இருந்தால் பழுது பார்க்கும் எண்ணத்தை அப்படியே விட்டுவிட்டு ரெகுலேட்டரை மூடவும், கதவு ஜன்னல்களைத் திறக்கவும், எல்லோரையும் வெளியே அனுப்பவும். மின்விசிறியோ விளக்கோ எந்த நிலையில் இருக்கிறதோ அந்த நிலையிலேயே இருக்கட்டும். சுவிட்சைப் போடும்போது மட்டுமல்லாமல் அணைக்கும்போதும் பொறி வரும். கேஸ் கசிவுக்கான அவசர எண் 1906. அதை வீட்டுக்கு வெளியே வந்து நின்று அழைக்கவும். கீழே சொல்லப்படும் துடைத்தல், கழற்றுதல் அனைத்தையும் ரெகுலேட்டரை மூடி, பர்னர் ஆறிய பிறகே செய்ய வேண்டும்.

குமிழை அழுத்தியிருக்கும்வரை எரிகிறது. கையை எடுத்தவுடன் அணைகிறது

மேடையில் பதித்த ஹாப் வகை அடுப்புகளிலும் சில புதிய கண்ணாடி அடுப்புகளிலும் மட்டும் காணப்படும் அறிகுறி இது. இவற்றில் தீ அணைந்தால் கேஸைத் தானாக நிறுத்தும் ஒரு பாதுகாப்பு அமைப்பு உண்டு. விற்பனையாளர்கள் இதை எஃப்.எஃப்.டி. என்பார்கள். பர்னரை ஒட்டி இரண்டு குச்சிகள் நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்க்கலாம். வெள்ளைப் பீங்கானுக்குள்ளிருந்து மெல்லிய கம்பி நீட்டிக்கொண்டிருப்பது பொறி விடுவதற்கானது. பீங்கான் இல்லாமல் முழுவதும் உலோகமாக, முனை மழுங்கி இருப்பது தெர்மோகப்பிள். பழுது இருப்பது பெரும்பாலும் இரண்டாவதில்தான். ஆனால் பலரும் முதலாவதை மணிக்கணக்காகத் துடைத்துக்கொண்டிருப்பார்கள்.

தெர்மோகப்பிளின் முனை சூடேறும்போது அதிலிருந்து மிகச் சிறிய மின்னழுத்தம் பிறக்கிறது. ஒரு வோல்ட்டை ஆயிரமாகப் பகுத்தால் அதில் சில பத்துப் பங்குகள்தான் இருக்கும். குமிழுக்குப் பின்னால் உள்ள சிறு மின்காந்தத்துக்கு இது போய்ச் சேர்கிறது. அந்தக் காந்தத்துக்கு வால்வைத் தானே இழுத்துத் திறக்கும் வலிமை கிடையாது. நாம் குமிழை அழுத்தி வால்வைத் திறந்து கொடுத்தால் அதைப் பிடித்து நிறுத்தும் வலிமை மட்டும் உண்டு. முனை சூடேறாவிட்டால், அல்லது பிறந்த மின்சாரம் வழியில் எங்கேனும் வீணானால், கையை எடுத்ததும் உள்ளிருக்கும் ஸ்பிரிங் வால்வை மூடிவிடும், தீயும் அணைந்துவிடும். அதாவது அடுப்பு தான் செய்ய வேண்டிய வேலையைத்தான் செய்கிறது, தீ எரிகிறது என்ற செய்தி மட்டும் அதற்குப் போய்ச் சேரவில்லை.

சோதனையை எளிதான இடத்திலிருந்து தொடங்கவும். குமிழை முழுவதுமாக உள்ளே அழுத்தி, பற்றிய பிறகும் விடாமல் பத்து நொடிகள் பிடித்திருந்து, பிறகு மெதுவாக விட்டுப் பாருங்கள். தீ நின்றுவிட்டால் பழுதே இல்லை. அவசரமாகக் கையை எடுத்ததுதான் காரணம். குமிழுக்கு அடியில் மாவோ எண்ணெய்ப் பிசுக்கோ காய்ந்து கெட்டியாகியிருந்தால் அது முழு ஆழத்துக்கு இறங்காது; குமிழை நேராக இழுத்தால் கழன்று வரும், அடியைத் துடைத்துவிட்டுத் திரும்பவும் பொருத்தலாம்.

அதற்கும் நிற்காவிட்டால் பர்னர் மூடியைப் பாருங்கள். கழுவிய பிறகு மூடியை அதற்குரிய பள்ளத்தில் பொருந்தாமல் கோணலாக வைத்திருந்தால், சுடர் தெர்மோகப்பிளின் பக்கம் போகாமல் விலகி எரியும். அறையின் விளக்கை மங்கலாக்கிவிட்டுப் பார்த்தால் இது தெளிவாகத் தெரியும்: முனை நீலச் சுடருக்குள் இருக்க வேண்டும், சுடருக்குப் பக்கத்தில் நின்று வேடிக்கை பார்க்கக் கூடாது.

மூன்றாவதாக முனையின் அழுக்கு. சென்ற ஆண்டு என் அக்கா தொலைபேசியில், "நாப்பை விட்டா போயிடுதுடா, ரிப்பேர்காரர் வால்வு செட்டையே மாத்தணும்னு சொல்றார்" என்று புலம்பினார். போய்ப் பார்த்தபோது பெரிய பர்னரின் தெர்மோகப்பிள் முனையில் கருகிய பால் ஓடு போலப் படிந்து, நகத்தால் சுரண்டினாலும் வராத அளவுக்கு இறுகியிருந்தது. பூஜ்ஜிய எண் உப்புத்தாளை மடித்து, முனையை ஒரு விரலால் அசையாமல் தாங்கிக்கொண்டு, மேலிருந்து கீழாக ஏழெட்டு முறை லேசாகத் தேய்த்ததும் உலோகத்தின் பளபளப்பு தெரிந்தது; அடுப்பு இன்றுவரை எரிகிறது. தேய்க்கும்போது குச்சியை வளைத்துவிடாமல் பார்த்துக்கொள்வது முக்கியம். ஒரு பக்கம் சாய்ந்துவிட்டால் சுத்தமான முனையும் சுடருக்கு எட்டாமல் போகும். சோப்புத் தண்ணீரை அங்கே ஊற்ற வேண்டாம்.

முனை சுத்தமாக, சுடருக்குள்ளேயே இருந்து, அரை நிமிடம் அழுத்திப் பிடித்தும் நிற்கவில்லையென்றால் எஞ்சியிருப்பவை மூன்று: தெர்மோகப்பிள் ஆயுள் முடிந்திருக்கும், அதன் மறுமுனை வால்வோடு சேரும் இடம் தளர்ந்தோ துருப்பிடித்தோ இருக்கும், அல்லது காந்தம் கெட்டிருக்கும். மின்னழுத்தம் அவ்வளவு சிறியதாக இருப்பதால் இணைப்பில் படிந்த மெல்லிய துருகூட அதைத் தடுத்துவிடும். இது பழுது பார்ப்பவரின் வேலை என்றாலும் ஒன்று மட்டும் கேட்கலாம்: நன்றாக எரியும் பக்கத்துப் பர்னரின் தெர்மோகப்பிளை இதில் மாட்டிப் பார்த்தீர்களா? பழுது தெர்மோகப்பிளோடு சேர்ந்து இடம் மாறினால் மாற்ற வேண்டியது அது ஒன்றைத்தான், வால்வை அல்ல.

இன்னொரு பக்கமும் உண்டு. இந்த அமைப்பு தொந்தரவு செய்கிறது என்று அதை நிரந்தரமாகத் திறந்து வைத்துத் தரும்படி சிலர் கேட்கிறார்கள். அப்படிச் செய்து கொடுப்பவர்களும் இருக்கிறார்கள். பணம் கொடுத்து வாங்கிய ஒரே காவலைத் தூக்கி எறிவதற்குச் சமம் அது.

ஒரு பர்னர் மட்டும் குட்டையாக எரிந்து, துடித்து அணைகிறது

பக்கத்துப் பர்னர் நன்றாக எரியும்போது இது மட்டும் சோர்ந்து போனால் சிலிண்டர், ரெகுலேட்டர், குழாய் மூன்றும் குற்றமற்றவை. அடைப்பு குமிழுக்கும் சுடருக்கும் இடையில்தான் இருக்கிறது; அதாவது ஜெட், மிக்ஸிங் டியூப் (கேஸும் காற்றும் கலக்கும் குழாய்), பர்னர் மூடி ஆகிய மூன்றில் ஒன்றில்.

மூடியைத் தூக்கி வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பாருங்கள். துளைகள் அனைத்திலும் ஒளி சமமாகத் தெரிய வேண்டும். புளித்தண்ணீரிலோ எலுமிச்சையும் வெந்நீரும் கலந்ததிலோ ஊறவைத்துப் பழைய பல் துலக்கியால் தேய்த்தால் போதுமானது. நன்றாகக் கழுவிய மறுநாள் காலையில்தான் அடுப்பு தகராறு செய்கிறது என்று பலர் சொல்வதற்குக் காரணம், துளைகளுக்குள் தங்கிய தண்ணீர். மூடியை உதறி, துணியால் துடைத்து, வெயிலில் காயவைத்த பின்னரே மாட்ட வேண்டும்.

ஜெட் என்பது குமிழுக்குப் பின்னால் மிக்ஸிங் டியூபின் வாயைப் பார்த்தபடி இருக்கும் சிறு பித்தளைத் துண்டு. அதன் துளை ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு. மண்ணெண்ணெய் ஸ்டவ் காலத்துப் பெரியவர்கள் ஸ்டவ் பின்னை இன்னும் எங்காவது பத்திரமாக வைத்திருப்பார்கள். அதை இங்கே கொண்டுவர வேண்டாம். பித்தளை மென்மையானது, எஃகு ஊசியால் இரண்டு முறை குடைந்தாலே துளை அகன்று, கேஸ் கூடி, சுடர் மஞ்சளாகிப் பாத்திரத்தின் அடி கரியாகும். பல் துலக்கியின் ஒற்றை நைலான் இழை, அல்லது துளையைவிட மெல்லிய செம்புக் கம்பி இழை போதும்.

மிக்ஸிங் டியூபைத்தான் யாரும் நினைப்பதில்லை. ஜெட்டிலிருந்து வேகமாகப் பாயும் கேஸ் தன்னோடு காற்றையும் இந்தக் குழாய்க்குள் இழுத்துக்கொண்டு போகிறது. சிலிண்டர் கேஸ் ஒரு பங்கு முழுமையாக எரிய ஏறத்தாழ 24 முதல் 31 பங்கு காற்று வேண்டும். அதில் ஒரு பகுதி இந்த வாய் வழியாகவும், மீதி சுடரைச் சுற்றியிருந்தும் வருகிறது. ஒரு மாதம் பூட்டிக் கிடந்த எங்கள் ஊர் வீட்டில் அடுப்பைப் பற்றவைத்தபோது இடது பர்னர் மஞ்சளாக எழும்பி, இரண்டு நிமிடத்தில் துடித்து அணைந்தது. டியூபைக் கழற்றி வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தால் மறுமுனை தெரியவில்லை. நடுவில் வெள்ளையாக, நாணயம் அளவுக்குச் சிலந்தி கூடு கட்டியிருந்தது. பாட்டில் கழுவும் தூரிகையை ஒரு முறை விட்டு எடுத்ததோடு பிரச்சினை முடிந்தது. கரப்பான் பூச்சி அதிகமுள்ள சமையலறைகளிலும் இதே கதைதான்.

குழாய் வழி எரிவாயு இணைப்புக்கு மாறியவர்களுக்கு ஒரு குறிப்பு. அதில் வருவது பெரும்பாலும் மீத்தேன். அதற்கான ஜெட்டின் துளை சிலிண்டர் கேஸுக்கு உரியதைவிடப் பெரியது. இணைப்பு மாறிய நாள் முதல் எல்லா பர்னர்களும் சோனியாக எரிந்து அணைகின்றன என்றால், ஜெட்டுகளை மாற்றாமலே இணைப்புக் கொடுத்துவிட்டார்களா என்று கேளுங்கள். பழைய அடுப்பை மறுபடி சிலிண்டருக்குக் கொண்டுவருபவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். பெரிய துளையில் சிலிண்டர் கேஸ் வந்தால் சுடர் ஆளுயரத்துக்கு எழாவிட்டாலும் அடுப்பு மேடை முழுவதும் பரவும்.

"டப்" என்ற ஓசையோடு அணைகிறது, அல்லது சுடர் எகிறிக் குதிக்கிறது

இவை இரண்டும் எதிரெதிரான நோய்கள். முதலாவதில் கேஸ் வெளியேறும் வேகம் குறைந்து, தீ துளைகளின் வழியாக உள்ளே இறங்குகிறது. சில வேளைகளில் அது அணையாமல் ஜெட்டின் வாயிலேயே சீறிக்கொண்டு எரியும், குமிழும் சுடும். உடனே மூடிவிட்டு ஆறவிடுங்கள். மூடி நெளிந்து சரியாக உட்காராமல் இருப்பது, துளைகள் தேய்ந்து அகன்றுபோவது, டியூபில் அரைகுறை அடைப்பு ஆகியவையே வழக்கமான காரணங்கள். நெளிந்த மூடியைத் தட்டிச் சரிசெய்ய முயல வேண்டாம், மாற்றிவிடுங்கள்.

இரண்டாவதில் சுடர் துளையை விட்டு அரை விரற்கடை மேலே, இரைச்சலோடு அந்தரத்தில் நிற்கும். பாத்திரத்தை வைத்ததும் அணையும். ஒரு பர்னரில் மட்டும் இருந்தால் காற்று அதிகம். சில அடுப்புகளில் மிக்ஸிங் டியூபின் வாயில் உள்ள தகட்டைச் சற்று மூடினால் அடங்கும். எல்லா பர்னர்களிலும் ஒரே நேரத்தில் எகிறினால் ரெகுலேட்டர் அழுத்தத்தைக் கட்டுப்படுத்தவில்லை என்று பொருள். அன்றே பயன்பாட்டை நிறுத்திவிட்டு ஏஜென்சிக்குச் சொல்லவும்.

சிம்மில் வைத்தால் மட்டும் அணைகிறது

குமிழின் அடியில், கேஸைத் திறந்து மூடும் வால்வான டேப்பில் சிம்முக்கென்று மிகச் சிறிய வழி ஒன்று உண்டு. உள்ளே தடவிய கிரீஸ் பல ஆண்டு வெப்பத்தில் காய்ந்து அந்த வழியை அடைத்துவிடும். குமிழ் இறுகித் திருகக் கடினமாக இருப்பது இதற்கு முன்னறிவிப்பு. டேப்பைக் கழற்றிக் கிரீஸ் போடுவது வீட்டில் செய்யக்கூடிய வேலை அல்ல, திரும்பப் பூட்டும்போது மயிரிழை இடைவெளி விட்டாலும் கசியும். அதிலும் தேங்காய் எண்ணெயை விட்டு இளக்கும் பழக்கம் மிகவும் தவறு.

பழுது பார்ப்பவரை அழைப்பதற்கு முன் காற்றைச் சோதிக்கவும். மின்விசிறி, எக்ஸாஸ்ட், பால்கனிக் கதவு மூன்றையும் அடைத்துவிட்டுச் சிம்மில் வைத்தால் தீ நிற்கிறதா? நின்றால் டேப் சரியாகவே இருக்கிறது. ஹாப் அடுப்புள்ள வீடுகளில் கூடுதலாக ஒன்று: அடுப்புக்குக் கீழே உள்ள அலமாரிக் கதவை ஓங்கிச் சாத்தும்போது உள்ளேயிருக்கும் காற்று மிக்ஸிங் டியூப் வழியாக மேலே தள்ளப்பட்டுச் சிம் சுடரை ஊதி அணைத்துவிடும். கதவை மெதுவாகச் சாத்துவதும், அலமாரியில் காற்றுத் துளைகள் அடைபடாமல் பார்த்துக்கொள்வதும் போதும்.

பாலும் கஞ்சியும் பொங்கி வழிந்து அணைவதைப் பழுது என்று சொல்ல முடியாது. ஆனால் மிக ஆபத்தானது அதுதான், ஏனென்றால் அந்த நேரத்தில் யாரும் அருகில் இருப்பதில்லை.

எல்லா பர்னர்களும் சேர்ந்து குறைந்து அணைகின்றன

இப்போது அடுப்பை விட்டுவிட்டுக் கீழே பாருங்கள். சிலிண்டரில் மீதம் எவ்வளவு என்று அறிய, ஈரத் துணியால் மேலிருந்து கீழாக ஒரு பட்டை துடைத்துவிட்டுக் காத்திருக்கவும். திரவம் இருக்கும் மட்டம் வரை ஈரம் காயத் தாமதமாகும். எடை பார்க்க வசதி இருந்தால் இன்னும் துல்லியம்: காலி உருளையின் எடை அதன் கழுத்துப் பகுதித் தகட்டில் எழுதியிருக்கும், நிறை சிலிண்டரில் அதற்கு மேல் 14.2 கிலோ கேஸ் இருக்கும். கடைசிச் சொட்டுவரை எரிப்பதற்காகச் சிலிண்டரைச் சாய்ப்பதும் படுக்கவைப்பதும் இன்றும் நடக்கிறது. அப்படிச் செய்தால் வாயுவுக்குப் பதிலாகத் திரவம் ரெகுலேட்டருக்குள் இறங்கும். அது வாயுவாக மாறும்போது இருநூறு மடங்குக்கும் மேல் விரியும்.

புதிய சிலிண்டர் மாட்டிய அன்றே தொல்லை தொடங்கியிருந்தால் ரெகுலேட்டர் முழுவதும் இறங்கி உட்காரவில்லை. மூடி, கழற்றி, "கிளிக்" என்ற ஓசை கேட்கும்வரை மறுபடி பொருத்தவும். அதன் பிறகும் குறைந்தால் குழாயைப் பின்தொடருங்கள்: சிலிண்டருக்கும் சுவருக்கும் இடையில் நசுங்கியிருக்கலாம், மேடைத் துளையில் மடிந்திருக்கலாம். ஆரஞ்சு நிறச் சுரக்ஷா குழாயின் மீதே தேதி அச்சிடப்பட்டிருக்கும். ஐந்து ஆண்டுகள் முடிந்திருந்தால் நன்றாகத் தெரிந்தாலும் மாற்றுங்கள்.

உதகை, கொடைக்கானல் வாசிகளுக்கு மட்டும்: கேஸில் உள்ள பியூட்டேன் பூஜ்ஜிய டிகிரியை ஒட்டிய குளிரில் வாயுவாக மறுக்கும். உறைபனி விழும் அதிகாலையில் மங்கலாக எரிந்து அணைந்து, வெயில் ஏறியதும் சரியாகிவிடுகிற அடுப்பில் பழுது எதுவும் இல்லை. சிலிண்டரை வீட்டுக்குள், குளிர்ந்த தரையில் படாதபடி மரப்பலகை மீது வைக்கலாம். வெந்நீர் ஊற்றுவதும் அருகில் கணப்பு வைப்பதும் கூடாது.

ஆளை அழைக்கும்போது

"அடுப்பு எரியவில்லை" என்று மட்டும் சொன்னால் அவர் எல்லாவற்றையும் கழற்றுவார், எதையாவது மாற்றுவார். "வலது பர்னர் மட்டும், சிம்மில் வைத்து இரண்டு நிமிடத்தில், ஓசையில்லாமல் அணைகிறது; மூடியும் டியூபும் துடைத்தாயிற்று; விசிறி ஓடவில்லை" என்று சொன்னால் நேராக டேப்புக்குப் போவார். வேலை முடிந்து அவர் கிளம்புவதற்கு முன், சோப்பு நுரையை அவர் தொட்ட ஒவ்வொரு இணைப்பிலும், ரெகுலேட்டரைத் திறந்து குமிழ்களை மூடிய நிலையில், தடவிப் பாருங்கள். நுரையில் ஒரு குமிழி எழுந்தாலும் அவரை அங்கேயே நிறுத்திக் காட்டுங்கள். தீக்குச்சி கொளுத்திச் சோதிப்பவராக இருந்தால் அடுத்த முறை வேறு ஆளை அழையுங்கள்.